அம்மாவுக்குக் கேன்சர் என்பதை 5 வயதுப் பிள்ளைக்கு டிவியில் எப்படிச் சொல்வது?

கேள்வி இதுதான்: மன்னார்குடிப் பக்கம் உள்ளூர் கேபிள் சேனல் நடத்தும் ஒருவர், 4 முதல் 8 வயதுப் பிள்ளைகளுக்காகப் புற்றுநோய் பற்றி 10 நிமிட நிகழ்ச்சி எடுக்க நினைக்கிறார். வீட்டில் அம்மாவுக்கோ அப்பாவுக்கோ, கூடப் படிக்கும் பிள்ளைக்கோ அந்த நோய் வந்தால் குழந்தை மிரளாமல் புரிந்துகொள்ள வேண்டும் என்பது அவர் எண்ணம். பொம்மை வைத்து எடுக்கலாமா, டாக்டரைப் பேச வைக்கலாமா, எதைக் காட்டலாம், எதைக் காட்டக்கூடாது என்று கேட்டிருக்கிறார்.

அவசியம் எடுங்கள். டிவி ஏற்கெனவே இந்தப் பாடத்தை நடத்திக்கொண்டுதான் இருக்கிறது, அதுவும் தப்பாக. ராத்திரி 7 மணிக்கு அப்பாயி மடியில் உட்கார்ந்து சீரியல் பார்க்கும் பிள்ளை என்ன பார்க்கிறது? இருமுகிறார்கள், கர்ச்சீப்பில் ரத்தம். ஸ்ட்ரெச்சரைத் தள்ளிக்கொண்டு ஓடுகிறார்கள். டாக்டர் கண்ணாடியைக் கழற்றிவிட்டு “24 மணி நேரம் போனாத்தான் எதுவும் சொல்ல முடியும்” என்கிறார். மெஷினில் கோடு நேராகிறது, வெள்ளைத் துணியை முகத்தில் இழுத்து மூடுகிறார்கள். ஆஸ்பத்திரிக்குள் போனவர் திரும்பி வரமாட்டார் என்பதைப் பிள்ளை 4 வயதிலேயே படித்து முடித்துவிடுகிறது. அப்புறம் ஒருநாள் அம்மாவைத் தஞ்சாவூர் மெடிக்கலுக்குக் கூட்டிப்போனால், அதன் மனதில் ஓடுவது அந்தப் படம்தான். உங்கள் நிகழ்ச்சி போட்டி போட வேண்டியது அந்தப் படத்தோடு.

அதனால் ஒரு விஷயத்தை ஸ்கிரிப்ட் எழுதும்போதும் எடிட்டிங்கிலும் மறக்காதீர்கள். சின்னப் பிள்ளை கேட்டதைவிடப் பார்த்ததைத்தான் பிடித்துக்கொள்ளும். “பயப்பட ஒண்ணுமில்ல” என்று குரல் சொல்லிக்கொண்டிருக்கும்போது திரையில் ஊசி முனை பெரிதாகத் தெரிந்தால், மனதில் நிற்பது ஊசி முனை மட்டும்தான். எடுத்து முடித்ததும் சத்தத்தை முழுக்க அடைத்துவிட்டு ஒருமுறை ஓடவிட்டுப் பாருங்கள். ஊமைப் படமாக அது என்ன சொல்கிறதோ, பிள்ளைக்கும் அதுதான் போய்ச் சேரும்.

வயது விஷயத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 3 வயதுக்குக் கீழே உள்ள குழந்தை நேரில் பார்ப்பதிலிருந்து கற்கும் அளவுக்குத் திரையிலிருந்து கற்பதில்லை. உலக சுகாதார நிறுவனம் 2019-இல் சொன்ன கணக்குப்படி 2 முதல் 4 வயதுக்குத் திரை நேரமே ஒரு நாளைக்கு 1 மணி நேரத்துக்கு மேல் ஆகாது. எனவே 5 வயதை மனதில் வைத்து எழுதுங்கள். 8 வயதுப் பிள்ளைக்கு ‘ஏன் வந்தது, எப்படி வந்தது’ என்ற கேள்வி இருக்கும். அதற்கு நடுவில் இரண்டு வரி போதும்.

இனி சொற்கள். தமிழில் எடுப்பவர்கள் தடுக்கி விழுவது பெரும்பாலும் இங்கேதான்.

‘புற்றுநோய்’ என்று ஆரம்பிக்காதீர்கள். நம் பக்கத்துப் பிள்ளைக்குப் புற்று என்றால் வேப்பமரத்தடியில் மஞ்சள் தெளித்து, ஆடி வெள்ளியில் பால் ஊற்றுகிற மண்மேடு. “கிட்டப் போகாத, உள்ள நல்லது இருக்கு” என்று பாம்பைப் பெயர் சொல்லாமல் நாமேதான் சொல்லி வைத்திருக்கிறோம். அம்மா நெஞ்சில் புற்று என்றால் அது எதைக் கற்பனை செய்யும்? ‘கேன்சர்’ என்றே சொல்லுங்கள். வீட்டில் பெரியவர்கள் குரலைத் தாழ்த்திப் பேசும் சொல்லும் அதுதான். டிவியில் அதைச் சாதாரணக் குரலில், உரக்க, ஒரு பொம்மை சொன்னாலே பாதி பயம் இறங்கும்.

‘செல்’ என்ற சொல்லும் உதவாது. பிள்ளைக்குச் செல் என்றால் போன்தான். “அம்மா உடம்புல கெட்ட செல் இருக்கு” என்றால் முழிக்கும். வெறும் ‘உடம்பு சரியில்ல’ என்பதும் ஆபத்து. சளி பிடித்தாலும் அதே சொல்தான், அடுத்த தடவை தனக்குக் காய்ச்சல் வந்தால் தனக்கும் அம்மா மாதிரி ஆகிவிட்டது என்று நினைக்கும்.

இதைவிடக் கனமானது ஒன்று உண்டு. “உன்னோட மாரடிச்சு மாரடிச்சே என் உசுரு போவுது” என்று சொல்லாத அம்மா நம் ஊரில் குறைவு. சொல்லும்போது அதில் ஒன்றும் இல்லை. ஆனால் அம்மாவுக்கு மார்பிலேயே கட்டி வந்துவிட்டால், 5 வயதுப் பிள்ளை அந்த வாக்கியத்தை நினைவில் தேடி எடுத்துவிடும். தான் படுத்தியதால்தான் அம்மாவுக்கு இப்படி ஆனது என்று முடிவு கட்டி, யாரிடமும் சொல்லாமல் வைத்துக்கொள்ளும். இந்த வயதில் முன்னால் நடந்ததே பின்னால் நடந்ததற்குக் காரணம் என்றுதான் புத்தி ஓடும், நோயைத் தண்டனையாகவும் எடுத்துக்கொள்ளும். ஆகவே அது கேட்கும்வரை காத்திருக்காமல் நிகழ்ச்சியே முந்திக்கொண்டு சொல்ல வேண்டும்: “நீ சேட்டை பண்ணதால வரல. நீ கோவத்துல ஏதோ சொன்னதால வரல. அம்மா உன்னைத் திட்டுனதாலயும் வரல. யார் பண்ணதாலயும் இது வரல.” நான்கு வாக்கியமும் வேண்டும். ‘யார் மேலயும் தப்பில்ல’ என்று ஒற்றை வரியாகச் சுருக்கினால், ‘யார்’ என்பதற்குள் தான் இருப்பது பிள்ளைக்குத் தெரியாது.

அடுத்தது தொற்று. அம்மை போட்டிருக்கும் வீட்டில் வேப்பிலை செருகி, தனிப் பாய், தனித் தட்டு, பிள்ளைகளைக் கிட்டவிடாமல் வைப்பதை நம் குழந்தைகள் பார்த்தே வளர்கிறார்கள். கேன்சருக்கான கீமோ மருந்து ஏற்றியபின், கிருமியை எதிர்க்கும் வெள்ளை அணுக்கள் குறையும் நாட்களில் (பெரும்பாலும் இரண்டாவது வாரத்தில்) அம்மாவையும் தனியாகப் படுக்கவைத்து, சளி பிடித்த பிள்ளையைக் கிட்டவிட மாட்டார்கள். பிள்ளை இதையும் அம்மை மாதிரி ஒட்டிக்கொள்ளும் நோய் என்று நினைக்கும். நிலைமை நேர்மாறு: பிள்ளையின் சளிதான் அம்மாவுக்கு ஆகாது. “கேன்சர் தொட்டா ஒட்டாது. உன் சளிதான் அம்மாவுக்கு ஒட்டும், அதனால கையைச் சோப்புப் போட்டுக் கழுவிட்டுப் போ” என்பதை வாயால் சொல்வதோடு, பொம்மைப் பிள்ளை கை கழுவிவிட்டுப் போய் அம்மா பக்கத்தில் ஒட்டிப் படுப்பதை முழு 10 வினாடி காட்டுங்கள். தென்னாப்பிரிக்காவின் பிள்ளைகள் நிகழ்ச்சி ‘தகலானி செசமி’ 2002-இல் எச்.ஐ.வி. உள்ள 5 வயதுப் பொம்மையாகக் காமியைக் கொண்டுவந்தபோதும் இதே வழிதான். மற்றவர்கள் அவளோடு விளையாடுவதையும் கட்டிப்பிடிப்பதையும் கண்ணால் காண வைத்தார்கள்.

நோயை எதோடு ஒப்பிடுவது என்று டெல்டாவில் யோசித்தால் கை தானாகக் களைக்குப் போகும்: பயிருக்குள் கோரை, அதற்கு மருந்தடிப்பது. கேட்க அழகாக இருக்கிறது, வேண்டாம். களைக்கொல்லி டப்பாவைத் தொடாதே, விஷம், செத்துப்போவாய் என்று விவசாய வீட்டுப் பிள்ளைக்குச் சொல்லியே வளர்த்திருக்கிறோம். அம்மா கையில் ஏறுவது மருந்தடிக்கிற மருந்து என்றால் அதன் முகம் என்ன ஆகும்? பூச்சி, சிப்பாய், சண்டை எல்லாமும் இப்படித்தான் சிக்கும். சண்டை என்றால் அம்மா தோற்றுவிடலாம், பூச்சி என்றால் அது தன் மேலும் ஏறலாம்.

நெல் போதும். ஒரு கை நெல்லை அள்ளிக் கேமராவுக்குக் கிட்டக் காட்டுங்கள். “உன் கை, கால், வயிறு எல்லாம் இதைவிட ரொம்ப ரொம்பச் சின்ன மணிகளால ஆனது. பழசு போகும், புதுசு வரும்.” அடுத்து நெல் அளக்கும் மரக்கால் ஒன்று. நெல் விழுகிறது, விளிம்பு வரை நிறைகிறது, அதன்பிறகும் நிற்காமல் விழுந்து வழிந்து தரையில் குவிகிறது. “அம்மா உடம்புல ஒரு இடத்துல மணி எப்ப நிக்கணும்னு தெரியாமக் கூடிக்கிட்டே போச்சு. அதுதான் கட்டி. அதுக்குப் பேருதான் கேன்சர்.” இதில் வில்லனும் இல்லை, விஷமும் இல்லை, நடப்பதற்கும் பக்கத்தில் இருக்கிறது. மருந்துக்கும் இதையே நீட்டலாம்: வேகமாகக் கூடுவதை எல்லாம் மருந்து நிறுத்தப் பார்க்கும், தலைமுடியும் வேகமாக வளர்வது, அதனால் முடியும் கொட்டும். 8 வயதுப் பிள்ளைக்கு இந்தக் காரணம் போதும்.

முடி பற்றி இன்னும் ஒன்று. நம் பிள்ளைக்கு மொட்டைத் தலை புதிதில்லை. வைத்தீஸ்வரன்கோயிலிலோ சமயபுரத்திலோ தானே அடித்துக்கொண்டிருக்கும். சந்தனம் பூசிய தலை, அதற்குச் சந்தோஷமான நினைவு. அதைப் பயன்படுத்திக்கொள்ளுங்கள்: “உனக்கு வளர்ந்துச்சுல்ல, மருந்து முடிஞ்சதும் அம்மாவுக்கும் வளரும்.” ஆனால் ‘அம்மா மொட்டை போட்டுக்கிட்டாங்க’ என்று நிறுத்திவிடாதீர்கள். முடி கத்தியால் ஒரே நாளில் போவதில்லை. மருந்து தொடங்கி 2, 3 வாரத்தில் தலையணையிலும் சீப்பிலும் குளியலறைத் தரையிலும் கொத்துக் கொத்தாக வரும். பிள்ளை அதைத்தான் பார்க்கப்போகிறது.

அதற்கு ஏற்றமாதிரி பொம்மை செய்யுங்கள். கைவிட்டு ஆட்டும் துணிப்பொம்மை, ஒன்றரை அடி உயரம், வாய் அசைய வேண்டும். கறுப்பு உல்லன் நூலை மூன்று அடுக்காகக் கட்டி, ஒவ்வொரு அடுக்கையும் தனித்தனி வெல்க்ரோ பட்டையில் தைத்துக்கொண்டால் முழு முடி, அங்கங்கே உதிர்ந்த முடி, வெறும் தலை என்று மூன்று நிலை கிடைக்கும். கேமரா முன்னால் பிய்க்காதீர்கள், வெல்க்ரோ கிழியும் சத்தமே பிள்ளையைத் திடுக்கிட வைக்கும். ஒரு நிலை முடிந்து, தலையணையில் கிடக்கும் உல்லன் நூலைக் காட்டி, பிறகு அடுத்த நிலைக்குப் போங்கள். புறங்கையில் ஊசி நீக்கிய நிஜ வென்ஃப்ளானை (மருந்து ஏற்ற நரம்பில் செருகி வைக்கும் சின்னக் குழாய்) பிளாஸ்திரியோடு ஒட்டுங்கள். அட்டையில் வெட்டியது வேண்டாம். அம்மா கையில் பார்த்ததும் பொம்மை கையில் பார்த்ததும் ஒன்றாக இருந்தால்தான் பிள்ளை இரண்டையும் சேர்த்துப் பார்க்கும்.

தஞ்சாவூர் என்றதும் தலையாட்டி பொம்மையை வைக்கலாமே என்று யாராவது கட்டாயம் சொல்வார்கள். அதை நோயாளியாக வைக்கவே வைக்காதீர்கள். அதன் அடிப்பாகம் உருண்டையாக, கனமாக இருக்கும், எத்தனை முறை தள்ளினாலும் எழுந்து நிற்கும். ‘அம்மாவும் இப்படித்தான், கட்டாயம் எழுந்துருவாங்க’ என்ற சத்தியத்தைப் படம் செய்துவிடும். அது யாராலும் கொடுக்க முடியாத சத்தியம். பிள்ளை தள்ளிவிட்டு விளையாடும் சாதாரண பொம்மையாக மூலையில் இருந்துவிட்டுப் போகட்டும்.

ஆஸ்பத்திரிக் காட்சிக்குக் கேமரா தரையிலிருந்து 1 மீட்டர் உயரத்தில், பிள்ளையின் கண்மட்டத்தில். படுத்திருப்பவர் கண்ணில் கூரை விளக்குகள் ஓடும் ஷாட் சினிமாவோடு போகட்டும். மானிட்டர் ‘பீப்’ சத்தம் எங்கேயும் வரக்கூடாது, பின்னணி இசையில் திடீர் இறக்கமும் கூடாது. போனதைக் காட்டினால் திரும்பி வந்ததையும் அதே பகுதியில் காட்டுங்கள்: காலையில் பஸ் ஏறுவது, ஓ.பி. சீட்டு, ரத்தம் எடுப்பது, பெஞ்சில் காத்திருப்பது, கட்டில், சொட்டு மருந்து, சாயங்காலம் வீட்டு வாசலில் செருப்பைக் கழற்றுவது. நடைமுறையில் இரண்டு மூன்று நாள் ஆகும் என்றால் அதையும் சொல்லுங்கள். வார்டில் நோயாளிகள் இருக்கும்போது கேமராவைக் கொண்டுபோக வேண்டாம். காலியான அறையில், எழுத்துபூர்வ அனுமதியோடு எடுங்கள். யார் முகமும், கேஸ் ஷீட்டும் தெரியக்கூடாது.

டாக்டர் ஸ்கிரிப்டைப் படித்துத் திருத்தட்டும், திரையில் நர்ஸ் வரட்டும். பிள்ளை கேட்கும் கேள்வி வலிக்குமா, ஒண்ணுக்கு எங்கே போவது, சாப்பாடு யார் தருவார்கள் என்பதுதான், அதற்குப் பதில் நர்ஸிடம்தான் இருக்கும். நர்ஸிடம் கேட்டால்தான் இதுவும் தெரியும்: டாக்சோரூபிசின் என்ற சிவப்பு மருந்து ஏற்றினால் ஓரிரு நாள் மூத்திரம் சிவப்பாகப் போகும். கழிப்பறையில் அதைப் பார்க்கும் பிள்ளை ரத்தம் என்று நினைத்துப் பதறும். “அது மருந்தோட கலர்” என்ற ஒரு வரி போதும்.

10 நிமிடத்தில் எல்லாவற்றையும் அடைக்காதீர்கள். 6, 7 நிமிடமாக நான்கைந்து பகுதி, ஒரு பகுதிக்கு ஒரு விஷயம். பொம்மை கேள்வி கேட்டுவிட்டு லென்ஸைப் பார்த்து முழு 4 வினாடி சும்மா இருக்கட்டும். எடிட்டர் அதை வெட்டப் பார்ப்பார், விடாதீர்கள். பிள்ளை வாய்திறக்க அவ்வளவு நேரம் வேண்டும். 1996-இல் தொடங்கிய அமெரிக்க நிகழ்ச்சி ‘புளூஸ் குளூஸ்’ இப்படித்தான் கேட்டுவிட்டுக் காத்திருந்தது. ஒரே பகுதியை வாரத்தில் 5 நாளும் ஒளிபரப்பியது. திரும்பத் திரும்பப் பார்த்த பிள்ளைகள் சலிக்கவில்லை, நன்றாகப் புரிந்துகொண்டார்கள், உரக்கப் பதில் சொல்வதும் கூடியது. உங்களிடம் அந்த நேரம் இருக்கிறது. திங்கள் முதல் வெள்ளி வரை ஒரே பகுதியை ஒரே நேரத்தில் போடுங்கள்.

போடுவதற்கு முன்னால் பிள்ளைகளிடம் சோதிக்க வேண்டும், இதைத் தவிர்க்க முடியாது. ‘செசமி ஸ்ட்ரீட்’ என்ற அமெரிக்கப் பிள்ளைகள் நிகழ்ச்சியை 1969-இல் ஆரம்பிக்கும் முன்பே ஒரு வழி கண்டுபிடித்தார்கள். டிவிக்குப் பக்கத்தில் இன்னொரு திரையில் சில வினாடிக்கு ஒருமுறை படம் மாறிக்கொண்டே இருக்கும், பிள்ளையின் கண் எந்த இடத்தில் நிகழ்ச்சியை விட்டு அங்கே போகிறது என்று ஒருவர் குறித்துக்கொள்வார். உங்களுக்கு ஒரு செல்போன் போதும். 8 வினாடிக்கு ஒரு படமாக ஓடவிட்டு டிவி பக்கத்தில் சாய்த்து வையுங்கள். 4, 5 வயதில் 5 பேர், 6 முதல் 8 வயதில் 5 பேர், ஒவ்வொருவராக. நோய் இல்லாத வீட்டுப் பிள்ளைகளாக, பெற்றோர் சம்மதத்தோடு. முடிந்ததும் “புரிஞ்சுதா?” என்று கேட்காதீர்கள், தலையாட்டிவிடும். “பொம்மைக்கு என்ன ஆச்சு, உன் தம்பிக்குச் சொல்ற மாதிரி சொல்லு” என்று கேளுங்கள். இரண்டு பிள்ளை ஒரே இடத்தில் தப்பாகச் சொன்னால் தப்பு அந்தக் காட்சியில்தான். வெட்டிவிட்டுத் திரும்ப எடுங்கள்.

பள்ளிக்கூடத்துப் பிள்ளைக்கு நோய் வந்தால் என்ற பகுதிக்கு ஒரு முன்மாதிரி உண்டு. 1990-இல் வந்த ‘வொய், சார்லி பிரவுன், வொய்?’ என்ற கார்ட்டூனில் வகுப்புத் தோழி ஒருத்திக்கு ரத்தப் புற்றுநோய். தொட்டால் வருமோ என்ற பயம், தொப்பியைப் பிடுங்கிக் கேலி செய்யும் பையன், எல்லோரும் அவளையே கவனிக்கிறார்கள் என்று கூடப்பிறந்தவளுக்கு வரும் மனத்தாங்கல் எல்லாம் அதில் உண்டு. கடைசியில் ஊஞ்சலில் ஆடும்போது தொப்பி பறக்கிறது, முடி வளர்ந்திருக்கிறது. கூடப்பிறந்தவர்களின் கோபத்தைக் காட்டியதுதான் அதில் எனக்குப் பெரியதாகப் படுவது. உங்கள் நிகழ்ச்சியிலும் “அம்மா என்னோட விளையாடவே மாட்டேங்குறாங்க, எனக்குக் கோவமா வருது” என்று பொம்மை சொல்லட்டும், யாரும் அதைத் திட்டாமல் இருக்கட்டும்.

சாவைப் பற்றிச் சொல்லலாமா? இந்தத் தொடரில் அதைக் கொண்டுவர வேண்டாம், ஆனால் பொய்யும் சொல்ல வேண்டாம். “செத்துப்போயிருவாங்களா?” என்று பொம்மை கேட்டால், “சில பேர் கேன்சர்ல இறந்துபோறாங்க. நிறைய பேர் நல்லாயிடுறாங்க. அம்மாவுக்கு நல்லாகத்தான் டாக்டர் மருந்து குடுக்கிறாங்க. ஏதாவது மாறுனா உன்கிட்ட சொல்லுவேன்” என்று பெரியவர் சொல்லலாம். சாவுக்குத் தனி நிகழ்ச்சி எடுப்பதாக இருந்தால் ‘செசமி ஸ்ட்ரீட்’ செய்ததைக் கவனியுங்கள். அதில் கடைக்காரர் மிஸ்டர் ஹூப்பராக நடித்த வில் லீ 1982 டிசம்பரில் இறந்தார். வேறு நடிகரைப் போடவும் இல்லை, ஊரைவிட்டுப் போய்விட்டார் என்று கதை கட்டவும் இல்லை. 1983 நவம்பர் 24-ஆம் தேதி ஒளிபரப்பிய பகுதியில் ‘இறந்துவிட்டார், இனி வரமாட்டார்’ என்றே பிக் பேர்ட் என்ற பறவைப் பொம்மையிடம் சொன்னார்கள். ஆஸ்பத்திரி, நோய், வயது எதையும் காரணமாகச் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் ஆஸ்பத்திரிக்குப் போகும் எல்லோரும் இறந்துவிடுவார்கள் என்று பிள்ளைகள் எடுத்துக்கொண்டிருப்பார்கள். ‘தூங்கிட்டாங்க’, ‘சாமிகிட்ட போயிட்டாங்க’ இரண்டும் நமக்கு ஆறுதல், பிள்ளைக்கு இல்லை. ஒன்றில் தூக்கம் கெடும், இன்னொன்றில் எப்போது திரும்பி வருவார்கள் என்று காத்திருக்கும். நம் பக்கத்தில் கூடுதலாக ஒன்று: வலங்கைமான் மாரியம்மன் கோயிலில் பங்குனியில் நோய் தீர்ந்தவர்கள் நேர்த்திக்கடனாகப் பாடையில் படுத்து வருவார்கள், பிறகு எழுந்துவிடுவார்கள். அந்த ஊர்ப் பிள்ளைக்கு ‘அது வேண்டுதல், அவங்க உயிரோடதான் இருந்தாங்க. இறந்துபோனா மூச்சு இருக்காது, எழுந்திரிக்க முடியாது’ என்று பிரித்துச் சொல்ல வேண்டியிருக்கும். செத்தவர் திரும்ப வரமாட்டார் என்பது பெரும்பாலும் 5 முதல் 7 வயதுக்குள்தான் உறைக்கத் தொடங்கும்.

ஒளிபரப்பு நேரம் பெரியவர்கள் வீட்டில் இருக்கும் நேரமாக இருக்க வேண்டும். பிக் பேர்ட் பகுதியையும் குடும்பம் கூடியிருக்கும் பண்டிகை நாளாகப் பார்த்துத்தான் போட்டார்கள். சாயங்காலம் 6 மணி, சீரியலுக்கு முன்னால் போடலாம். இரண்டு நாள் முன்பிருந்தே கீழே ஓடும் எழுத்தில் பெற்றோருக்கு அறிவிப்புக் கொடுங்கள்: முதலில் நீங்கள் பாருங்கள், பிள்ளையோடு உட்கார்ந்து பாருங்கள். அம்மாவுக்கு நோய் என்ற செய்தியே டிவியிலிருந்து தெரியவரக்கூடாது. “அம்மாவுக்குக் கேன்சர் வந்திருக்கு” என்பதை வீட்டு ஆள்தான், பார்ப்பதற்கு முன்னாலேயே சொல்ல வேண்டும். பிள்ளை கேள்வி கேட்டால் ‘அப்புறம் சொல்றேன், பாரு’ என்னாமல் அங்கேயே சத்தத்தை நிறுத்திவிட்டுப் பேசுங்கள். விட்டுப்போனது மறுநாள் திரும்ப வரும். பார்த்தபின் படுக்கையில் நனைப்பது, பள்ளிக்கூடம் போக மறுப்பது, வயிற்றுவலி என்று அழுவது ஓரிரு வாரத்துக்கு மேல் நீடித்தால் குழந்தை மருத்துவரிடம் காட்டுங்கள். முடிவில் 104 (மருத்துவ ஆலோசனை), 14416 (மனநல உதவி) இரண்டு எண்களையும் பெரிய எழுத்தில் 15 வினாடி நிறுத்துங்கள்.

கடைசிப் பகுதிக்கு முடி வளர்ந்த அம்மா வேண்டாம், எல்லா வீட்டிலும் அது நடக்காது. தினசரி காலண்டரை வையுங்கள். மருந்து பெரும்பாலும் 21 நாளுக்கு ஒருமுறை. 21 நாள் என்றால் 5 வயதுக்கு ஒன்றும் விளங்காது, தாள் கிழிப்பது விளங்கும். ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டிய தேதியில் பிள்ளைப் பொம்மை சிவப்புக் கிரேயானில் வட்டம் போடுகிறது, அப்பாயி பொம்மை தூக்கிப் பிடிக்க, இன்றைய தாளைக் கிழிக்கிறது. கட்டிலில் படுத்திருக்கும் அம்மா அந்தத் தாளைக் கேட்டு வாங்கி, கப்பல் மடித்துக் கொடுக்கிறாள். வட்டத்துக்கு இன்னும் எத்தனை தாள் என்று பிள்ளை விரலால் புரட்டி எண்ணும்போது நிறுத்திவிடுங்கள்.